இரண்டு எட்டு மணி

எங்கள் வீட்டில் தினமும் காலையில் எட்டு மணி இரண்டு முறை வரும். முதல் எட்டு சுவர்க் கடிகாரத்தில் அடிக்கும். இரண்டாவது எட்டு தெருவுக்குப் பின்னால் இருந்த, தோல் பதனிடும் ஷாப்பின் சங்கில் ஊதும். நடுவே கால் மணி நேரம் கேட்பாரில்லாமல் கிடக்கும்.

ஷூ கம்பெனி வேன் சங்கு ஊதும்போது தெருமுனைக்கு வரும். விட்டால் அன்றைய வேலை போச்சு. அதனால் ஆம்பூரில் எங்கள் தெருப் பெண்கள் எல்லோருமே வீட்டுக் கடிகாரத்தை முன்னே தள்ளி வைத்திருந்தார்கள். பக்கத்து வீட்டில் பத்து நிமிஷம், எதிர்வீட்டில் அரைமணி. சரியான நேரம் யார் வீட்டிலும் கிடையாது. கம்பெனியில் ஷூவுக்கு மேல்தோல் தைக்கும் அம்மா, கடிகாரம் பொய் சொல்கிறது என்று தெரிந்தே தினமும் அதை நம்பி, முதல் எட்டுக்கு அடித்துப் பிடித்துக்கொண்டு ஓடுவாள்.

அம்மா போனதும் அந்தக் கால் மணி நேரத்தில் அக்கா ஒரு நாட்டைத் திறப்பாள். சங்கபுரி என்று பெயர். அங்கே எப்போதும் எட்டு மணிதான். துறைமுகத்தில் ராணியின் கப்பல் தயாராக நிற்கும். ராணி பெட்டியைத் தூக்கிக்கொண்டு ஏணியில் கால் வைப்பாள். அவ்வளவுதான், காலம் பின்னால் சறுக்கிவிடும்; ராணி மறுபடி அரண்மனையில் தலை வாரிக்கொண்டிருப்பாள். மறுநாளும் அதே ராணி, அதே கப்பல்.

மூன்றாவது படித்த எனக்கு இருப்புக் கொள்ளாது. "எப்பதான்க்கா கப்பல் போவும்?" என்று நச்சரிப்பேன்.

"போவாதுடி. அங்க யாராலயும் கெளம்ப முடியாது."

ஒன்றுமே நடக்காத அந்தக் கதையை ஒருநாள் கேட்காவிட்டாலும் எனக்குச் சோறு இறங்காது.

அப்பா தோல் ஷாப்பில் இடுப்பில் அடிபட்டுக் கட்டிலோடு கிடந்த வருஷம் அது. அக்கா பன்னிரண்டாவது முடித்து, வேலூரில் காலேஜ் சேர்ந்தே தீருவேன் என்று ஒற்றைக்காலில் நின்றாள். அம்மா கம்பெனியில் கெஞ்சிக் கூத்தாடி அவளுக்கு ஒரு மெஷின் பிடித்து வைத்திருந்தாள். திங்கட்கிழமை வராவிட்டால் அந்த இடத்தில் வேறு பெண்ணை உட்கார வைத்துவிடுவேன் என்று சூப்பர்வைசர் சொல்லிவிட்டார். வீட்டில் இரண்டு நாள் அழுகையும் சத்தமுமாக இருந்தது. பிறகு அக்கா திடீரென்று அடங்கிப் போனாள். எனக்கோ ஒரே கவலைதான்: அக்காவும் வேனில் போய்விட்டால் சங்கபுரியை யார் திறப்பார்கள்?

ஞாயிற்றுக்கிழமை சாயந்திரம், அம்மா கடைக்குப் போயிருந்தபோது, அக்கா ஸ்டூல் போட்டு ஏறிக் கடிகாரத்தைக் கழற்றினாள். தூசி தட்டுகிறாள் என்று நினைத்தேன். கட்டிலிலிருந்து அப்பா பார்த்துக்கொண்டிருந்தார்.

திங்கட்கிழமை காலை விசித்திரமாக இருந்தது. வெயில் ஜன்னலைத் தாண்டி உள்ளே வந்துவிட்டது, கடிகாரம் மட்டும் நகரவே மாட்டேன் என்றது. அம்மா அன்றைக்குத்தான் நிதானமாக இருந்தாள். "டைம் இருக்குது, நல்லா துன்னு" என்று அக்காவுக்கு இன்னொரு தோசை வைத்தாள். அக்காவும் கேட்டுக் கேட்டுச் சாப்பிட்டாள். நான் அப்பாவின் கட்டிலருகே போனேன்.

"அப்பா, மணி இன்னா?"

அப்பா கையில் போன் இருந்தது. அதில் எப்போதும் சரியான நேரம் காட்டும். அவர் அதை நெஞ்சின்மேல் கவிழ்த்து வைத்தார். "கடியாரத்தப் பாரு" என்று சொல்லிச் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டார்.

கடிகாரம் எட்டு அடிக்கத் தொடங்கியது. அடித்து முடிப்பதற்குள் சங்கும் ஊதிவிட்டது.

இரண்டு எட்டும் ஒன்றாக வந்துவிட்டன! நடுவே சங்கபுரி நசுங்கிச் செத்தே போயிருக்கும் என்று நான் ஓவென்று அழுதேன். அம்மா, "ஐயோ, சங்கு ஊதிட்டானே!" என்று பையைத் தூக்கிக்கொண்டு அலறினாள். அக்கா மட்டும் மெதுவாக எழுந்தாள், கை கழுவினாள், ஒரு செருப்பைத் தேடினாள், தண்ணீர் குடித்தாள். அம்மா அவளைத் தரதரவென்று இழுத்துக்கொண்டு ஓடினாள். அழுதுகொண்டே நானும் பின்னால் ஓடினேன்.

தெருமுனையில் வேன் நின்றுகொண்டிருந்தது.

டிரைவர் பாய் வெளியே தலையை நீட்டிச் சிரித்தார். "மொத நாளு, பொண்ணு லேட்டாத்தான் வரும்னு தெரியும்க்கா. அதான் நின்னேன். இந்தத் தெருவுல வூட்டுக்கு ஒரு டைமு, எனக்குத் தெரியாதா? ஜல்தி ஏறும்மா."

"புண்ணியமாப் போவும் பாய்" என்று அம்மா கையெடுத்துக் கும்பிட்டாள்.

எனக்கு அழுகையெல்லாம் பறந்துவிட்டது. சங்கு ஊதிய பிறகும் வேன் போகவில்லை என்றால் என்ன அர்த்தம்? எங்கள் நாடு சாகவில்லை, தெருமுனை வரைக்கும் பெரிதாகிவிட்டது! சந்தோஷம் தாங்காமல் குதித்தேன். "அக்கா, கப்பல் போவல பாரு! உனக்காக நிக்குது!"

அக்கா என்னைப் பார்த்தாள். ஏதோ சொல்ல வாயெடுத்தாள். அம்மா பின்னாலிருந்து தள்ள, ஏறிவிட்டாள்.

ஜன்னலோரம் அவளுக்கு இடம் கிடைத்தது. நான் கையாட்டினேன். அவள் முகத்தை அந்தப் பக்கம் திருப்பிக்கொண்டாள். வேன் திரும்பி மறையும் வரை ஆட்டிப் பார்த்தேன், திரும்பவே இல்லை. எனக்கு ஆத்திரமாக வந்தது. பள்ளிக்கூடத்தில் பக்கத்தில் உட்காரும் பெண்ணிடம் சொன்னேன்: "எங்க அக்காவுக்குக் கம்பெனி வேல கெடச்சிடுச்சு. ஒரே நாள்ல திமிரு ஏறிடுச்சுடி அவளுக்கு."