வைரவர் நாய்களும் வாச்சர் மார்க்கண்டுவும்

இணுவில் மார்க்கண்டுவுக்கு முன்பற்கள் மூன்று போனது 1939 மாசியில். சுண்டிக்குளத்துக் காட்டையும் களப்பையும் சர்க்கார் சரணாலயமாக்கி ஒரு வருடம். அங்கே எந்த உயிரையும் கொல்லக்கூடாது என்பதில் மானுக்கும் பன்றிக்கும் ஆட்சேபணை இல்லை. மனிதருக்கு அதை எடுத்துச் சொல்லத்தான் மார்க்கண்டுவைக் காவலுக்கு வாச்சராகப் போட்டார்கள். மச்ச மாமிசம் மணந்தாலே குமட்டுகிற சைவக்காரன். கையில் தோட்டா போட்ட ஒரு பழைய துவக்கு.

பல்லை உடைத்தவர் காட்டோரத்து வைரவர் கோயிலை நடத்துகிற இராசநாயகம். கோயிலின் வருடப் பொங்கலுக்கு முதல்நாள் நாய்களோடு இறங்கிப் பன்றி அடிப்பது அவருக்கும் பக்தர்களுக்கும் வழக்கம். மார்க்கண்டு குறுக்கே நின்றான்.

"வைரவற்றை வாகனம் என்ன காணும்?"

"நாய், அண்ணை."

"அப்ப அதை மறிக்க நீர் ஆர்? நாங்களோ வேட்டையாடுறம்? வாகனம் போகுது, பின்னாலை போறம்."

மார்க்கண்டு பக்திமான். சட்டம் தடுத்த பட்டியலில் துவக்கு இருந்தது, கண்ணி இருந்தது. வாகனம் இருந்ததாக ஞாபகமில்லை. யோசித்து முடிக்குமுன் கோடரிப்பிடி வாயில் இறங்கிவிட்டது.

மேலதிகாரி வந்து பல்லைப் பார்க்கவில்லை, அவர்கள் அடித்துப்போன பன்றியின் தலையைப் பார்த்தார். "இனி ஒண்டு செத்தாலும் உமக்கு வேலை இல்லை" என்று சொல்லிப் போனார். வேலை போனால் தமையனின் புகையிலைத் தோட்டத்தில் ஆயுளுக்கும் தண்ணீர் இறைக்க வேண்டும். தமையன் வாயைவிடக் கோடரிப்பிடி மேல்.

மறுவருடமும் வந்தார்கள். காலை வெயிலில் ஒன்பது நாய்கள் ஒரு கொம்பன் பன்றியை ஈச்சம் பற்றைக்குள் மடக்கின. துவக்கோடு மார்க்கண்டு ஓடிப்போய்ச் சேருமுன் முதல் நாயின் குடல் முள்ளில் தொங்கியது. இரண்டாவது, பாலை மரத்தில் மோதி முதுகொடிந்து விழுந்தது. அந்த மரத்தில் பக்தர்கள் ஏற்கெனவே ஏறியிருந்தார்கள். கீழே நின்றவர் இராசநாயகம் ஒருவர்தான். ஈட்டி முறிந்தது. பன்றி அவரை முழங்காலிலிருந்து அரைவரை கிழித்து, திரும்பி மறுபடி குனிந்தது.

"சுடும் காணும்! சுடும்!"

"சுட்டா என்ரை வேலை போம், அண்ணை."

"என்ரை தொடை போகுது, பாவி!"

மார்க்கண்டு சுட்டான். வெடி பன்றியின் கண்ணுக்குள்ளால் போயிற்று. பன்றி இராசநாயகத்தின் மேலேயே விழுந்து, நாலு உதை உதைத்துச் செத்தது. அதைப் புரட்டித் தள்ளி, மனிதரைத் தோளில் போட்டுக்கொண்டு வண்டிப் பாதைக்கு ஓடினான். மரத்திலிருந்து ஒரு குரல் கேட்டது: "வாச்சர் அண்ணை, இறைச்சியிலை உங்களுக்கும் ஒரு பங்கு வைக்கிறம்!"

விசாரணைக்கு இராசநாயகம் ஊன்றுகோலோடு வந்தார். கற்பூரத்தில் அடித்துச் சத்தியம் செய்தார்.

"பன்றியைக் கொன்றது யார்?"

"மார்க்கண்டு, ஐயா. என்ரை ரெண்டு கண்ணாலையும் கண்டனான்."

"நீர் அங்கே என்ன செய்தீர்?"

"காணாமல் போன நாயைத் தேடினனான்."

சத்தியம் செய்த வாயால் பொய் சொல்லமாட்டார். இரண்டு நாய்கள் அன்று முதல் காணாமல்தான் போயிருந்தன. அந்த வருடம் சரணாலயத்தில் விலங்கைக் கொன்றதாக அகப்பட்டவன் மார்க்கண்டு ஒருவனே. வேலை போயிற்று.

காக்கிச் சட்டையைத் திருப்பிக் கொடுக்கப் போனபோது கிளாக்கர் அதை விரித்துப் பார்த்தார். தோளிலிருந்து இடுப்புவரை கறுத்த கறை.

"இதென்ன, பண்டி ரத்தமோ, மனிச ரத்தமோ?"

"ரெண்டும், ஐயா."

"ஒண்டைச் சொல்லும். புத்தகத்திலை ஒரு கட்டம்தான் கிடக்கு."

மார்க்கண்டு பல்லில்லாத இடத்தை நாக்கால் தடவினான்.

"பண்டி எண்டே போடுங்கோ."