மடுகரைக்கு விழுந்த ஓட்டு

காலை ஒன்பதரை மணி இருக்கும். பாக்டீரியா வளர்த்த குடுவைகளை இயந்திரத்திலிருந்து எடுத்துக்கொண்டிருந்தேன். கைப்பேசியில் ‘புனிதவதி மேடம்’ என்று வந்தது. அன்று அவருக்கு விடுப்பு. விடுப்பு நாளிலும் ஒருமுறை கூப்பிட்டு, பாக்டீரியா வளர்ந்து குடுவை நன்றாகக் கலங்கியிருக்கிறதா என்று கேட்காவிட்டால் அவருக்குக் காப்பி இறங்காது. அதனால் எடுத்த எடுப்பில், “எல்லாம் நல்லா வளந்திருக்கு மேடம், நீங்க வூட்டு வேலையப் பாருங்க” என்றேன்.

மறுமுனையில் பேசியது அவருடைய கணவர். “சார், நான் ஏழுமலை. விடியக்காலம் நெஞ்சு வலிக்குதுன்னா. ஆஸ்பத்திரிக்குப் போற வழியிலயே தவறிட்டா சார்.”

நான் என்ன பதில் சொன்னேன் என்று நினைவில்லை. குடுவைகளை ஐஸில் வைத்துவிட்டுத்தான் கிளம்பினேன் என்பது மட்டும் நினைவிருக்கிறது. அப்படியே விட்டுவிட்டுப் போயிருந்தால், அந்த நிலையிலும் எழுந்து உட்கார்ந்து என்னைத் திட்டியிருப்பார்.

புனிதவதி அவர்களை அறியாதவர்களுக்காகக் கொஞ்சம் சொல்ல வேண்டும். எங்கள் ஆய்வகம் வில்லியனூரைத் தாண்டி, கரும்பும் மனைக்கட்டும் கலந்து கிடக்கும் இடத்தில் இருக்கிறது. புரதங்களை வேண்டியபடி மாற்றி அமைத்து, பாக்டீரியாவைக் கொண்டு செய்து, மருத்துவ ஆய்வு செய்பவர்களுக்குக் கொடுப்பது எங்கள் வேலை. புரதம் என்றவுடன் முட்டையும் பருப்பும் நினைவுக்கு வரும். இங்கே சொல்வது வேறு. அமினோ அமிலங்கள் என்ற சின்னச் சின்ன மணிகளைக் கோத்த சரம்தான் ஒவ்வொரு புரதமும். அந்தச் சரம் தனக்கே உரிய விதத்தில் மடிந்தால்தான் வேலை செய்யும். ஒரு மணியை மாற்றினால் மடிப்பு இறுகலாம், குலைந்தும் போகலாம். எந்த மணியை மாற்றினால் என்ன ஆகும் என்று பார்த்துக்கொண்டே பதினெட்டு ஆண்டுகளை அங்கே கழித்தவர் அவர். மடுகரையில் கரும்பு பயிரிடும் குடும்பம். அங்கிருந்து தினமும் பஸ்ஸில் வந்து போனார்.

நான் திருக்கனூர்க்காரன். பதினோரு ஆண்டுகளுக்கு முன்பு ஒப்பந்த ஊழியனாகச் சேர்ந்தேன். முதல் நாள் அவர் என் படிப்பைக் கேட்கவில்லை. “திருக்கனூரா? காலையில எத்தினி மணிக்கு பஸ்ஸு?” என்று கேட்டார். சொன்னேன். “அதுக்கு முந்தின பஸ்ஸுல வா. பாக்டீரியா உனக்காகக் காத்துக்கினு இருக்காதுபா” என்றார். என் பெயர் குமரவேல். அவருக்கு நான் குமாரு. கோபம் வந்தால் மட்டும் ‘குமார் சார்’. அந்த ‘சார்’ காதில் விழுந்தால், செய்துகொண்டிருப்பதை நிறுத்திவிட்டு எங்கே தப்பு என்று தேட ஆரம்பித்துவிடுவேன்.

பாம்புக்கடியைக் கண்டறியும் புரதத்தின் மேல் அவருக்கு எப்படிப் பிடிப்பு வந்தது என்பதை அவரே சொல்லிக் கேட்க வேண்டும். ஒருமுறை கரும்புத் தோட்டத்தில் ஏழுமலையின் காலில் பாம்பு கடித்துவிட்டது. ஆஸ்பத்திரியில் ரத்தம் எடுத்துக் கண்ணாடிக் குழாயில் ஊற்றி, உறைகிறதா என்று இருபது நிமிடம் வைத்துப் பார்த்தார்கள். உறையாவிட்டால் விரியன் கடி. “ரத்தம் உறைஞ்சிடுச்சு. இவருக்கு வேற கோளாறும் ஒண்ணும் வரல. கடைசியில அது தண்ணிப்பாம்பு. அவரு எழுந்து நாலு இட்லி துன்னாரு. எனக்குத்தான் ரெண்டு நாளு காய்ச்சல்” என்பார். கேட்பவர்கள் சிரிப்பார்கள். அவரும் சிரித்துவிட்டு, “அந்த இருபது நிமிஷத்தக் கொறைக்கணும்பா” என்று முடிப்பார்.

விரியன் விஷத்தைப் பற்றிக்கொள்ளும் ஒரு சிறு புரதத்தைக் காகிதப் பட்டையில் தடவி வைத்தால், ஒரு சொட்டு ரத்தத்தில் பதில் தெரிந்துவிடும் என்பது திட்டம். அந்தப் புரதத்தின் மூல வடிவம் ஒட்டகத்தின் ரத்தத்தில் இருந்து வந்தது. இது தெரிந்த நாளிலிருந்து ஏழுமலை, “எங்க வூட்ல ஒட்டகத்துக்கும் பாம்புக்கும் சம்பந்தம் பேசிக்கினு இருக்காங்க” என்று ஊரெல்லாம் சொல்லித் திரிந்தார்.

சம்பந்தம் எளிதில் கூடவில்லை. புரதம் விஷத்தை நன்றாகப் பற்றியது. ஆனால் சூடு தாங்கவில்லை. கிராமத்து சுகாதார நிலையத்தில், கத்திரி வெயிலில், கரண்ட் போன குளிர்பெட்டியில் அது ஒரு நாள்கூடத் தாங்காது. அதனால் சரத்தில் ஒரு மணியை மாற்றுவது, சுடுநீரில் ஒரு மணி நேரம் வைப்பது, எடுத்து வெளிச்சத்தில் பார்ப்பது என்று வேலை நடந்தது. தெளிவாக இருந்தால் பிழைத்தது. வெள்ளையாகக் கலங்கியிருந்தால் மடிப்பு குலைந்து திரண்டுவிட்டது என்று பொருள். இதற்கு ஆய்வுக் கட்டுரைகளில் நீளமான சொல் உண்டு. புனிதவதி மேடம் பாலுக்குச் சொல்வதைத்தான் சொல்வார்: “திரிஞ்சிடுச்சு.” நாளடைவில் எங்கள் ஆய்வகம் முழுக்க அப்படியே பேசப் பழகிவிட்டது. வெளியூர் விஞ்ஞானி ஒருவர் வந்திருந்தபோது எங்கள் துறைத்தலைவரே வாய்தவறி, “இந்த வகை எல்லாம் திரிஞ்சிடுச்சு” என்று சொல்லிவிட்டு இருமிச் சமாளித்தார்.

மாற்றி அமைத்த வகைகளுக்கு எண் கொடுப்பதுதான் வழக்கம். அவர் ஊர்ப் பெயர் கொடுத்தார். ஏம்பலம், நெட்டப்பாக்கம், பாகூர், சுத்துக்கேணி. “நம்பரு மண்டையில நிக்காதுபா. ஊரு நிக்கும்” என்பது அவர் வாதம். நியாயந்தான். ‘சுத்துக்கேணி திரிஞ்சிடுச்சு, பாகூர் பரவாயில்ல’ என்று யாராவது சொன்னால் எங்களில் ஒருவரும் மறக்கமாட்டோம். சின்னக் குழாயின் மூடியில் முழுப் பெயர் எழுத இடமிருக்காது. அதனால் முதல் இரண்டு எழுத்துகளை எழுத வேண்டும் என்று சட்டம் போட்டிருந்தார். ஒற்றை எழுத்து கூடாது.

எட்டு ஆண்டுகளுக்கு முன்பு ஒரு நாள் அவர் விடுப்பில் இருந்தார். அன்று நான்தான் புரதங்களைச் சின்னக் குழாய்களில் ஊற்றினேன். பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது. அவசரத்தில் இரண்டு மூடிகளில் ‘ம’ என்று மட்டும் எழுதிவிட்டு ஓடினேன். ஒன்று மடுகரை, மற்றொன்று மங்கலம்.

மறுநாள் சுடுநீர்ச் சோதனை. எல்லாம் வரிசையாகத் திரிந்தன. ஒரே ஒரு குழாய், ஊற்றுத் தண்ணீர் போலத் தெளிந்து நின்றது. மேடம் அதைச் சன்னலில் பிடித்துப் பார்த்தார். மூடியைத் திருப்பினார். “ம... இது எதுபா குமாரு? மங்கலமா, மடுகரையா?”

எனக்குத் தெரியாது. தெரியாது என்று சொல்லியிருக்க வேண்டும். அவர் முகத்தைப் பார்த்தேன். அவருடைய ஊர் ஜெயித்தால் எவ்வளவு சந்தோஷப்படுவார் என்று நினைத்தேன். “மடுகரைதான் மேடம்” என்றேன்.

அவர் சந்தோஷப்பட்டார். அன்று மாலை மடுகரை பஸ்ஸில் தெரிந்தவர் தெரியாதவர் எல்லோரிடமும் சொன்னாராம். துறைத்தலைவர் மேலிடத்துக்கு அறிக்கை அனுப்பினார். ஏழுமலை ஆய்வகத்துக்கே கரும்புக் கட்டு கொண்டுவந்து இறக்கினார்.

வெளியே எதை அனுப்புவதென்றாலும், புதிதாகச் செய்து இன்னொரு தரம் பார்க்காமல் அனுப்பமாட்டார் மேடம். மடுகரையைப் புதிதாகச் செய்தார். திரிந்தது. மறுபடியும் செய்தார். மறுபடியும் திரிந்தது. மூன்றாவது தடவை யாரிடமும் சொல்லாமல் மங்கலத்தைச் செய்து பார்த்தார். தெளிந்து நின்றது. பழைய குழாய்கள் இரண்டையும் எடுத்து என் மேசையில் வைத்தார். இரண்டு மூடியிலும் என் கையெழுத்தில் ஒற்றை ‘ம’. “குமார் சார்” என்றார்.

மேலிடத்துக்குப் போன அறிக்கையைத் திரும்பப் பெற வேண்டியதாயிற்று. துறைத்தலைவர் எல்லோரையும் கூட்டினார். மறுவாரம் என் ஒப்பந்தத்தைப் புதுப்பிக்கும் கோப்பு அவர் மேசைக்குப் போக வேண்டும். என் மனைவிக்கு அப்போது ஏழு மாதம். “தப்பாச் சொன்னது யாரு?” என்று கேட்டார் தலைவர். நான் தலையைக் குனிந்துகொண்டேன்.

“நான்தான் சார்” என்று எழுந்தார் புனிதவதி. “எங்க ஊருன்னு ஒரு ஆசை. சரியாப் பாக்காம சொல்லிட்டேன்.”

தாழ்வாரத்தில் ஓடிப்போய் அவரைப் பிடித்தேன். வாய் திறக்கும் முன்பே, “எனக்குன்னா ஃபைல்ல ஒரு வரி எழுதி வெப்பாங்க. உனக்குன்னா வூட்டுக்கு அனுப்பிடுவாங்க. ரெண்டும் ஒண்ணாபா?” என்றார். கொஞ்ச தூரம் நடந்தவர் நின்றார். “ஒரு எழுத்த விட்டது தப்பில்ல, யாருக்கும் வரும். தெரியாதத தெரியும்னு சொன்ன பாரு, அதுக்குத்தான் எனக்குக் கோவம். இனிமே ரெண்டு எழுத்து எழுது. தெரியலன்னா தெரியலன்னு சொல்லு.”

எழுதித்தான் வைத்தார்கள். அந்த ஆண்டு வரவேண்டிய பதவி உயர்வு அவருக்கு வரவில்லை. என் ஒப்பந்தம் புதுப்பிக்கப்பட்டது. பிறகு வேலை நிரந்தரமும் ஆனது. மங்கலம் நல்ல பெயர் எடுத்தது. “பேர்லயே மங்கலம் இருக்குது, நாமதான் கவனிக்கல” என்று சொல்லி அதன் வேலையைத் தொடர்ந்தார். இன்று விஷ ஆய்வு செய்யும் வேறு பல ஆய்வகங்கள் அதைக் கேட்டு வாங்குகின்றன. பட்டை இன்னும் ஆஸ்பத்திரிக்கு வரவில்லை. சோதனைகள் நடந்துகொண்டிருக்கின்றன.

ஆனால் அந்தக் கேலி மட்டும் ஓயவில்லை. ‘மடுகரைக்காரம்மா மடுகரைக்கே ஓட்டுப் போட்டாங்க’ என்று ஆண்டு விழாவில் சொல்வார்கள், பிரிவு உபசாரத்தில் சொல்வார்கள். அன்பாகத்தான் சொல்வார்கள். மேடமும் சிரிப்பார். நான் தேநீர்க் கோப்பைக்குள் பார்த்துக்கொண்டிருப்பேன். வேலை நிரந்தரமானதும் சொல்லிவிடலாம் என்றிருந்தேன். நிரந்தரமானதும், பழசைக் கிளறுவானேன் என்றிருந்தேன். இத்தனை ஆண்டுகளில் ஒரு பார்வையால்கூட அவர் அதை எனக்கு நினைவுபடுத்தவில்லை. என் மகள் பிறந்தபோது மடுகரையிலிருந்து பஸ் மாறி பஸ் மாறி வந்து பார்த்தார். குழந்தையின் காதருகே குனிந்து, “உங்கப்பன் நல்லவன்தான். எழுத்துதான் ஒண்ணு கொறையும்” என்றார். என் மனைவிக்கு ஒன்றும் புரியவில்லை. எனக்குச் சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்தன.

அவருடைய இறுதிச் சடங்கின்போது, வாசலில் போட்டிருந்த நாற்காலிகளில் ஆய்வகத்தார் எல்லோரும் உட்கார்ந்திருந்தோம். சாவு வீட்டிலும் ஒரு நேரம் சிரிப்பு வரும் அல்லவா? எங்களில் ஒருவர் அந்தக் கதையைத் தொடங்கினார். மடுகரைக்கு விழுந்த ஓட்டு. உள்ளூர்க்காரர்களும் சிரித்தார்கள். மேடத்தின் மகள் நிவேதா தண்ணீர் கொடுத்துக்கொண்டிருந்தாள். செவிலியர் படிப்பு படிக்கும் பெண். அவள் சிரிக்கவில்லை. கூட்டம் கலைந்ததும் என்னிடம் வந்தாள்.

“சார், அம்மா நெசமாவே அப்பிடிச் செஞ்சாங்களா? தெரியாதத தெரியும்னு சொன்னா என்னை அடிக்கவே வருவாங்க சார். அவங்களா சொன்னாங்க?”

“அப்பறமா சொல்றேம்மா” என்றேன். நாற்காலிகளை அடுக்கப் போய்விட்டேன்.

நிவேதா, அந்த அப்புறம் இதுதான். உன் அம்மா அப்படிச் செய்யவில்லை. மூடியில் ஒற்றை எழுத்து எழுதியவன் நான். தெரியாததைத் தெரியும் என்று சொன்னவன் நான். மடுகரைக்கு ஓட்டுப் போட்டவன் திருக்கனூர்க்காரன். அந்தப் பொய்யைத் தன் தலையில் போட்டுக்கொண்டு, பதவி உயர்வையும் விட்டுக்கொடுத்து, எட்டு ஆண்டு கேலியையும் சிரித்துக்கொண்டே வாங்கிக்கொண்டார் உன் அம்மா. என் குழந்தை சாப்பிட்ட முதல் பிடிச் சோறு, அவர் காப்பாற்றித் தந்த வேலையில் வந்தது. துறைத்தலைவருக்கும் இதை எழுதிக் கொடுத்துவிட்டேன். நாளை காரியத்துக்கு மடுகரை வருகிறேன். அன்று சிரித்தவர்கள் அத்தனை பேருக்கும் முன்னால் இதை நானே படிக்கிறேன்.

போன வாரம் அவர் மேசையை ஒழுங்கு செய்தேன். வேறோர் ஆய்வகத்துக்கு அனுப்புவதற்கு வைத்திருந்த உறை ஒன்று கிடந்தது. புரதத்தைச் செய்வதற்கான மரபணுவை ஒரு சொட்டு வடிதாளில் விட்டுக் காயவைத்து, தபாலில் அனுப்புவோம். காய்ந்தபின் சொட்டு விழுந்த இடம் கண்ணுக்குத் தெரியாது. அதனால் அதைச் சுற்றிப் பென்சிலால் ஒரு வட்டம் போட வேண்டும். மேடம் வட்டம் போட்டிருந்தார். கொஞ்சம் கோணல் வட்டம். பக்கத்தில் அவர் கையெழுத்தில் இரண்டு எழுத்து: ‘மங்’.

விலாசம் எழுதி, ஒட்டி, தபாலில் சேர்த்துவிட்டேன், மேடம். அனுப்பும் முன் இன்னொரு தரம் செய்து பார்த்தேன். திரியவில்லை. போய் வாருங்கள்.