செல்வி லீவு போட்ட நாள்

இன்று காலை எங்கள் தருமபுரம் தெருக் குழாயில் தண்ணீர் வரவில்லை.

குடத்தோடு நின்ற பக்கத்து வீட்டுக்காரர் சொன்னார்: "பர்மனென்ட் ஆயிட்டாள்ல, இனிமே இப்படித்தான்."

வால்வு திறக்கும் செல்வியைத்தான் சொல்கிறார். தினக்கூலி வவுச்சர் ஊழியராகவே தலை நரைத்தவள். வராத நாளுக்குச் சம்பளம் கிடையாது. லீவு கேட்டால் வேலையே போய்விடுமோ என்ற பயம் வேறு. புயலில் மரங்கள் விழுந்து கிடந்த அன்றும், மாமியார் செத்த மறுநாளும் அவள் வந்து திறந்த தண்ணீரைத்தான் குடித்தோம். நான் மறக்கவில்லை. போன வாரம்தான் அவளை நிரந்தரமாக்கினார்கள்.

பிறகு டி.ஆர்.பட்டினம் போக நாகப்பட்டினம் பஸ்ஸில் ஏறினால், ஜன்னலோரம் செல்வி! மடியில் பலகாரத் தூக்கு.

"எங்கம்மா கெளம்பிட்ட?"

"சின்னவளுக்கு வளைகாப்பு பெரியப்பா. பெரியவளுதுக்குத்தான் போவ முடியல. இதுக்கு லீவு போட்டுட்டேன், சம்பளத்தோட! மாத்தாளு வந்தாரா? தண்ணி வந்துச்சா?"

அந்த முகத்தைப் பார்த்து எப்படிச் சொல்வது?

"ரொம்பி வழியுது. நீ போயி நல்லபடியா வளையல் போட்டுட்டு வா" என்றேன்.

தெருக்காரர்களே, நாளை அவள் கேட்டால் நீங்களும் அதையே சொல்லுங்கள். திட்டுவதென்றால் என்னைத் திட்டுங்கள். அதையும் என்னைப் போல இந்த வாட்ஸ்அப் குரூப்பில் வாய்ஸாகவே போடுங்கள், எனக்குப் படிக்கத் தெரியாது.