மாமா குனிந்து நடந்த மாசி வீதி

எங்கள் வீட்டு ஹாலில், தொலைக்காட்சிக்கு மேலே ஒரு படம் மாட்டியிருக்கிறது. மதுரையில் எடுத்தது. பத்துத் தூண்களுக்கு முன்னால் எட்டுப் பேர் வரிசையாக நின்று சிரிக்கிறோம். நடுவில் கறுப்புக் கண்ணாடி போட்டுக்கொண்டு, இடுப்பில் கை வைத்து, ஊரையே விலைக்கு வாங்க வந்தவள் போல நிற்பவள் நான். இடது ஓரத்தில் இன்னொருவர் பாதி உடம்போடு விழுந்திருக்கிறார். முகம் தெரியாது. வளைந்த முதுகும், தரையைப் பார்த்து நீட்டிய வலது கையும்தான் தெரியும். வீட்டுக்கு வருகிறவர்கள் அதைப் பார்த்துவிட்டு, "யாரு இது, கீழ என்னத்த தேடுறாரு?" என்று கேட்காமல் போவதில்லை. என் மாமனார், அவர் எதையும் தேடவில்லை என்று மட்டும் சொல்வேன். அதற்கு மேல் சொல்ல வாய் வந்ததில்லை. என் வீட்டுக்காரருக்கே நான் இன்னும் முழுதாகச் சொல்லவில்லை.

மாமா தெப்ராவில் ஒரு பலகைத் தொழிற்சாலையில் ஃபோர்க்லிஃப்ட் ஓட்டியவர். அத்தை இறந்த பிறகு ஸ்கூடாயில் எங்கள் வீட்டுக்கு வந்துவிட்டார். சிறு வயதில் அவர் வளர்ந்தது உலு திராம் பக்கத்தில் ஒரு மலாய்க் கிராமத்தில், கம்பத்தில். அந்தக் கம்பத்திலேயே அவர்கள் ஒரு குடும்பம்தான் தமிழர்கள். அங்கே ஒட்டிய பழக்கமோ என்னவோ, உட்கார்ந்திருக்கும் ஒருவருக்கு முன்னால் நடக்க வேண்டி வந்தால் மாமா நிமிர்ந்து போக மாட்டார். இடுப்பை வளைத்து, வலது கையைக் கீழே நீட்டி, காற்றை மெல்ல விலக்கிக்கொண்டு போவார். மலாய்க்காரர்கள் வீட்டில் பிள்ளைகள் பெரியவர்கள் முன்னால் அப்படித்தான் போவார்கள். மாமா பெரியவர், சின்னவர் எல்லாம் பார்ப்பதில்லை. என் மகள் வீட்டுப் பாடம் எழுதிக்கொண்டிருந்தால் அவளுக்கும் குனிவார். நாங்கள் தொலைக்காட்சி பார்க்கும்போது தண்ணீர் குடிக்கப் போனாலும் குனிவார். ஒரு நாள் நடைவழியில் பூனை படுத்திருந்தது. அதற்கும் குனிந்தார். நான் வாய்விட்டுச் சிரித்துவிட்டேன். அவரும் சிரித்தார்.

சிரித்தேனே தவிர, உள்ளுக்குள் எனக்கு அந்தக் குனிவு பிடிக்காது. நான் ரப்பர்த் தோட்டத்தில் பிறந்தவள். என் அப்பா, காலையில் ஆளெண்ணும் பெரட்டில் கணக்குப்பிள்ளை கிராணி மேசையிலிருந்து பெயர் கூப்பிடும்போது, தலைத் துண்டை அவிழ்த்துக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, கழுத்தை மடக்கி நிற்பதைச் சின்ன வயதிலிருந்தே பார்த்தவள். பள்ளிக்கூடச் சீருடையோடு அதைப் பார்த்துக்கொண்டு போகும்போதெல்லாம் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். நான் வேலைக்குப் போனதும் யார் முன்னாலும் முதுகை வளைக்கக் கூடாது என்று ஒரு வைராக்கியம். அலுவலகத்தில் என்னைத் திமிர் பிடித்தவள் என்பார்கள். சொல்லிக்கொள்ளட்டும் என்று விட்டுவிடுவேன். அப்படிப்பட்டவள் வீட்டுக்குள்ளேயே ஒருவர் நாள் முழுக்கக் குனிந்தால் எப்படி இருக்கும்! மாமா குனியும்போதெல்லாம் எனக்கு அந்தக் கிராணியின் மேசைதான் ஞாபகம் வரும்.

ஆறு வருடங்களுக்கு முன் நான், என் வீட்டுக்காரர், மாமா மூவரும் கடல் கடந்து மதுரைக்குப் போனோம். பழைய நகரத்தை நடந்தே சுற்றிக் காட்டும் ஒரு குழுவில் என் வீட்டுக்காரர் முன்பே பெயர் கொடுத்திருந்தார். ஆசைப்பட்டவர் அவர். ஆனால் முதல் நாள் கண்டதையும் தின்று வயிற்றைக் கெடுத்துக்கொண்டவரும் அவர்தான். காலையில் போர்வைக்குள்ளிருந்தே, "நீயும் அப்பாவும் போங்க லா. அப்பாவ மட்டும் பாத்துக்க," என்றார். மாமாவுக்கு இனிப்புநீர், அதாவது சர்க்கரை வியாதி, உண்டு. மாத்திரையைப் போட்டுக்கொண்டார். நடை முடிந்து எல்லாரும் சேர்ந்து பசியாறலாம் என்று குழுவில் சொல்லியிருந்ததால், இடையில் கொடுக்க ஒரு பிஸ்கட் பொட்டலத்தை என் கைப்பையில் வைத்தேன். தொலைந்துவிடும் என்று அவருடைய கைப்பேசியையும் அதே பையில் போட்டுக்கொண்டேன். என்ன ஒரு புத்திசாலித்தனம்!

வழிகாட்டி ஓர் இளம்பெண். கையில் மஞ்சள் குடை. மழைக்கல்ல, கூட்டத்தில் தன்னை அடையாளம் காட்ட. கோயிலைச் சுற்றிச் சதுரம் சதுரமாகத் தெருக்கள், உள்ளே சித்திரை, அடுத்து ஆவணி மூலம், அதற்கு வெளியே மாசி, எல்லாம் மாதப் பெயர்கள் என்று அவள் சொன்னபோது மாமா குழந்தை மாதிரி விரல் விட்டு எண்ணிக்கொண்டார். நாயக்கர் மகாலைப் பார்த்துவிட்டுப் பத்துத் தூண் இருக்கும் சந்துக்குள் போனோம். காலை நேரம். கடைப் படிகளில் ஆட்கள் உட்கார்ந்து தேநீர் குடித்துக்கொண்டிருந்தார்கள். இரண்டு பக்கமும் கூடைகளோடு பெண்கள். மதுரையில் எங்கே திரும்பினாலும் யாராவது உட்கார்ந்திருக்கிறார்கள். மாமாவின் கதி என்ன ஆகும், யோசித்துப் பாருங்கள். சந்து முழுவதையும் குனிந்தே கடந்தார்.

அங்கேதான் அந்தப் படம் எடுத்தது. எல்லாரும் நின்றோம். வழிகாட்டிப் பெண் கைப்பேசியை உயர்த்தினாள். பின்னால் படியில் உட்கார்ந்திருந்த இரண்டு பேரைத் தான் மறைப்பதாக மாமாவுக்குத் தோன்றியிருக்க வேண்டும். சட்டென்று வரிசையை விட்டுக் குனிந்து ஓரமாக நகர்ந்தார். படம் விழுந்துவிட்டது. படியில் இருந்தவர் ஒருவர், "என்னங்கய்யா, எதையும் தொலைச்சுப்புட்டீகளா?" என்று கேட்டார். கூட்டமே சிரித்தது. குழுவில் இருந்த ஒரு சென்னை அம்மாள் என் பக்கம் திரும்பி, "உங்க மாமாவுக்கு இடுப்புல ஏதாவது ஆபரேஷனா?" என்றார். எனக்கு முகம் சிவந்துவிட்டது.

நான் மாமாவின் பக்கத்தில் போய், குரலைத் தாழ்த்தி, ஆனால் ஒவ்வொரு சொல்லும் தைக்கும்படி சொன்னேன். "மாமா, இங்க யாரும் நமக்குத் துரை இல்ல. நிமிர்ந்து நடங்க. எனக்கு வெக்கமா இருக்கு."

அவர் முகத்தில் ஈயாடவில்லை. என்னை ஒரு கணம் பார்த்தார். "சரிம்மா," என்றார். அவ்வளவுதான். கோபித்திருந்தால்கூட எனக்கு ஆறியிருக்கும். அதன் பிறகு நிமிர்ந்துதான் நடந்தார். தோளை விறைப்பாக வைத்துக்கொண்டு, இரண்டு கையையும் பின்னால் கட்டிக்கொண்டு, பள்ளிக்கூடத்தில் தண்டனை வாங்கிய பையன் மாதிரி எனக்குப் பின்னால் வந்தார். நான் திரும்பிப் பார்த்து, இப்போதுதான் பார்க்க நன்றாக இருக்கிறது என்று நினைத்துக்கொண்டேன். நினைத்தேன் என்பதை மறைக்க விரும்பவில்லை.

விளக்குத்தூணைத் தாண்டித் தெற்கு மாசி வீதியில் கொஞ்ச தூரம் போனதும் வழிகாட்டிப் பெண் ஒரு பழைய வீட்டின் மாடத்தைக் காட்டி ஏதோ கதை சொன்னாள். நான் படம் எடுத்தேன். அதை மாமாவிடம் காட்டலாம் என்று திரும்பினேன். மாமா இல்லை. அலமாக்! மாத்திரை போட்டிருக்கிறார், ஒன்றும் சாப்பிடவில்லை. பிஸ்கட்டும் கைப்பேசியும் என் தோளில் தொங்குகின்றன. தங்கியிருக்கும் விடுதியின் பெயர்கூட அவருக்குத் தெரியாது. வழிகாட்டிப் பெண், "பதறாதீங்கக்கா, பக்கத்துலதான் இருப்பாரு," என்று குழுவை ஒரு காப்பிக் கடையில் உட்கார வைத்துவிட்டு என்னோடு வந்தாள். வந்த வழியே திரும்பி ஓடினோம்.

கடைக்குக் கடை கேட்டேன். எழுபது வயது, ஒல்லி, கண்ணாடி, வெள்ளைச் சட்டை. ஒரு பாத்திரக் கடைக்காரர் தெருவைக் கையால் ஒரு சுற்றுக் காட்டி, "அப்படி எத்தனை பேர் வேணும் சொல்லுங்க," என்றார். நக்கல் இல்லை, உண்மையைத்தான் சொன்னார். நான் பார்த்த இடமெல்லாம் எழுபது வயது, ஒல்லி, வெள்ளைச் சட்டை. யாருக்கும் மாமாவைத் தெரியவில்லை. எப்படித் தெரியும்? நான்தான் அவரை எல்லாரையும் போல நடக்க வைத்துவிட்டேனே. மாமாவிடம் அடையாளம் என்று ஒன்று இருந்தது, அதையும் பிடுங்கிக்கொண்டேன் என்று நடுத்தெருவில் உறைத்தது.

கீழ மாசி வீதி திரும்பும் முனையில் ஒரு பூக்காரம்மா. அவரிடமும் அதே பல்லவியைப் பாடினேன். உதட்டைப் பிதுக்கினார். என்ன நினைத்தேனோ தெரியாது. கறுப்புக் கண்ணாடியைக் கழற்றிவிட்டு, அவர் கூடைக்கு முன்னால் இடுப்பை வளைத்தேன். வலது கையைக் கீழே நீட்டி இரண்டு எட்டு நடந்து காட்டினேன். "இப்படி... இப்படி யாராச்சும் போனாங்களா?"

பூக்காரம்மா முகமெல்லாம் சிரிப்பு. "அட, அந்தக் குனிஞ்சு போற அய்யாவா! இப்பத்தேன் போனாரு. எனக்கு முன்னாடி அப்படி யாரு போயிருக்கா? எந்த ஊரு அவரு?" என்றார். எனக்குப் பதில் சொல்லக்கூட நேரமில்லை. ஓடினேன். அடுத்து ஒரு மளிகைக் கிடங்கின் வாசலில் சுமைதூக்கிகள் உட்கார்ந்திருந்தார்கள். மறுபடி குனிந்து காட்டினேன். "ஆமா ஆமா, அந்தப் பக்கம்," என்று நாலு கைகள் ஒரே திசையில் நீண்டன. அதற்கப்புறம் ஒரு வெற்றிலைக் கடை. தெருவே அவரைப் பார்த்து வைத்திருந்தது. வேலைக்குப் போனதிலிருந்து ஒரு முறைகூடக் குனியாத நான், அந்த அரை மணி நேரத்தில் கீழ மாசி வீதி முழுக்கக் குனிந்துகொண்டே போனேன். யார் சிரித்தார்கள் என்று கவனிக்கவில்லை.

பருத்திப்பால் விற்கும் ஒரு தள்ளுவண்டிக்குப் பக்கத்தில், பூட்டிய கடையின் படியில் மாமா உட்கார்ந்திருந்தார். சட்டை நனைந்து உடம்போடு ஒட்டியிருந்தது. கையில் பாதி குடித்த தம்ளர். விரல்கள் இன்னும் நடுங்கிக்கொண்டிருந்தன. வண்டிக்காரர் தன் துண்டால் அவருக்கு விசிறிக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்ததும் அவர்தான் முதலில் பேசினார். "நல்லவேளை வந்தீகம்மா. அய்யா என்னையத் தாண்டிப் போறப்பக் குனிஞ்சு போனாரு. கொஞ்ச நேரத்துல திரும்பி வந்தாரு, அப்பவும் குனிஞ்சாரு, அப்படியே உக்காந்துட்டாரு. அவ்வளவு மரியாதையாப் போற மனுசன வேர்த்து ஊத்துறப்ப விட்டுட்டுப் போக மனசு வருமா?"

நான் மாமாவின் காலடியில் உட்கார்ந்துவிட்டேன். பிஸ்கட் பொட்டலத்தைப் பல்லால் கடித்துப் பிரித்தேன். "எங்க மாமா போனீங்க?" என்று கேட்டேன். அதட்டலாகக் கேட்க நினைத்தது, அழுகையாக வந்தது.

மாமா தம்ளரைப் படியில் வைத்தார். "நிமிர்ந்துதாம்மா நடந்தேன். முடியல. ஆளுங்க உக்காந்திருக்காங்க, நான் பாட்டுக்கு அவங்க மூஞ்சிக்கு நேரா காலை வீசிட்டுப் போறதா? மனசு ஒப்பல. நீ பாத்தா வெக்கப்படுவியேன்னு பக்கத்துத் தெருவால போனேன். நம்ம வீடிருக்கிற தாமான்ல அடுத்தடுத்த ஜாலான் எல்லாம் ஒரே முனையிலதானே வந்து சேரும். இங்கயும் அப்படித்தான்னு நினைச்சிட்டேன்."

மதுரையின் வீதிகள் அப்படி வந்து சேர்வதில்லை. ஒன்றுக்குள் ஒன்றாகக் கோயிலைச் சுற்றிக்கொண்டே போகின்றன. என் கண்ணில் படாமல் குனிவதற்காக ஒரு மனிதர் அந்தச் சுற்றுக்குள் போய்ச் சிக்கிக்கொண்டார். அன்று நான் மன்னிப்புக் கேட்டிருக்க வேண்டும். நாக்கு நுனிவரை வந்தது. ஆனால் பிஸ்கட்டைத்தான் நீட்டினேன். வழிகாட்டிப் பெண் ஆட்டோ பிடித்துக் கொடுத்தாள். விடுதியில் என் வீட்டுக்காரர் பதறிப் போய், "எப்படிப்பா தவறிப் போனீங்க?" என்று கேட்டார். நான் தரையைப் பார்த்தேன். மாமா சாதாரணமாக, "நான்தான் வேடிக்கை பாத்துட்டு நின்னுட்டேன். அவ மேல தப்பில்ல, பாவம், தெருத் தெருவா ஓடியிருக்கா," என்றார். அந்தப் பேச்சு அதோடு முடிந்தது. அதன் பிறகு வருடக் கணக்கில் அவர் அதை எடுக்கவே இல்லை.

போன வருடம் மாமா மருத்துவமனையில் இருந்தார். சிறுநீரகம் ஓய்ந்துவிட்டது. வார்டில் அவர் கட்டிலைச் சுற்றிப் பார்வையாளர்கள், உறவுக்காரர்கள் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார்கள். அலமாரியில் இருந்த கஞ்சியை எடுத்துக்கொண்டு திரும்பும்போது, அவர் கட்டிலுக்கும் அவர்களுக்கும் நடுவே நான் கடக்க வேண்டியிருந்தது. யோசிக்காமலேயே என் இடுப்பு வளைந்தது. வலது கை கீழே நீண்டது. பாதி வழியில், தலையணையிலிருந்து குரல் கேட்டது. கிணற்றுக்குள்ளிருந்து வருவது போல மெலிந்த குரல்.

"நிமிர்ந்து நடம்மா. எனக்கு வெக்கமா இருக்கு."

திரும்பினேன். மாமாவின் கண்கள் சிரித்துக்கொண்டிருந்தன. குறும்பு என்றால் குறும்பு, அப்படி ஒரு குறும்பு. ஐந்து வருடம் பத்திரமாக வைத்திருந்து திருப்பிக் கொடுத்தார். சுற்றியிருந்தவர்களுக்கு ஒன்றும் புரியவில்லை. நான் சிரித்தேன், அழுதேன், கஞ்சியைக் கீழே கொட்டினேன். "மன்னிச்சிருங்க மாமா," என்று அப்போதுதான் சொன்னேன். "எதுக்கு?" என்றார். நிஜமாகவே தெரியாதவர் போல. ஒன்பது நாள் கழித்துப் போய்விட்டார்.

நேற்று அந்தப் படத்தைத் துடைக்கலாம் என்று துணியோடு ஹாலுக்குப் போனேன். என் வீட்டுக்காரர் சோபாவில் உட்கார்ந்து பந்து விளையாட்டுப் பார்த்துக்கொண்டிருந்தார். அவரைத் தாண்டித்தான் படத்துக்குப் போக வேண்டும். குனிந்தேன். கையை நீட்டினேன். மெதுவாகக் கடந்து போய், கண்ணாடிக்குள் வளைந்திருந்த அந்த முதுகுக்கு நேராக நின்றேன். என் வீட்டுக்காரர் திரையிலிருந்து கண்ணை எடுக்காமல், "என்ன, எதையும் தொலைச்சிட்டியா?" என்று கேட்டார். ஆமாம் என்றேன். நிமிர்ந்து நடம்மா என்று சொல்லத்தான் இனி ஆள் இல்லை. தொலைக்காட்சியை அணைத்துவிட்டு, அவர் பக்கத்தில் உட்கார்ந்து, மதுரையில் அன்று காலை நடந்ததை முதலிலிருந்து சொல்லத் தொடங்கினேன்.