சட்டையைப் பிடித்த விரல்

கைச் சிகிச்சைக்கு வருகிறவர்களிடம் முதல் நாளில் நான் ஒரு கேள்வி கேட்பேன்: இந்தக் கையால் உங்களுக்கு என்ன செய்ய வேண்டும்? சாவி திருப்ப வேண்டும் என்பார்கள், மாக் குழைக்க வேண்டும் என்பார்கள், பலர் ஷிப்டுக்குத் திரும்பினால் போதும் என்பார்கள். நாற்பத்தைந்து வயதுள்ள ஓர் அமெரிக்கர், தன் மகளுக்குத் தலை பின்ன வேண்டும் என்றார்.

மகளுக்கு எட்டு வயது. மனைவியின் வேலை காரணமாக லண்டனுக்கு வந்திருந்தார்கள். மனைவி விடியவே வேலைக்குப் போய்விடுவார். பிள்ளையைப் பள்ளிக்கு ஆயத்தப்படுத்துவது இவர் பொறுப்பு. நீளமான முடியைக் கட்டி அனுப்ப வேண்டும் என்பது பள்ளியின் விதி. இவரால் ஒரு ரப்பர் பட்டியைக்கூட ஒழுங்காகப் போட முடியவில்லை.

வலக்கையைப் பொத்திக் காட்டச் சொன்னேன். மூன்று விரல்கள் மடங்கின. மோதிர விரலின் நுனி மட்டும் மடங்காமல் நேராக என்னைப் பார்த்து நின்றது. எங்கள் தொழிலில் இதற்கு 'ஜெர்சி ஃபிங்கர்' என்று பெயர். ஓடுகிறவனின் சட்டையைப் பிடித்து இழுக்கும்போது விரலை மடக்கும் நாண் எலும்பிலிருந்து அறுந்துவிடும். ரக்பி ஆடும் இளைஞர்களிடம் பார்த்திருக்கிறேன். உடனே அறுவைச் சிகிச்சை செய்தால் சரியாகும். இப்படிப் பல வருடங்கள் விட்டுவைத்த விரலை நான் அதற்கு முன் கண்டதில்லை. மற்ற மூட்டுகளும் இறுகி, வீங்கியிருந்தன.

யாருடைய சட்டை என்று கேட்டேன். அப்படித்தான் அவர் தொழில்முறை அமெரிக்கன் ஃபுட்பால் ஆடியவர் என்பது தெரிய வந்தது.

எங்கள் வீடு கிங்ஸ்பரியில். பக்கத்து ஸ்டேடியத்தில் அந்த ஆட்டம் நடக்கும் நாட்களில் பஸ் வேறு வழியால் போகும், ரயிலில் நிற்க இடம் இருக்காது. அந்த விளையாட்டைப் பற்றி எனக்குத் தெரிந்தது அவ்வளவுதான். ஆகவே கேள்வி மேல் கேள்வி கேட்டேன். வெந்நீரில் இளக்கிய பிளாஸ்டிக் தகட்டை அவருடைய விரலுக்கு அளவாக வளைத்து, அது இறுகும்வரை பிடித்துக்கொண்டிருக்க வேண்டும். அந்த நேரத்தில் அவர் பதில் சொல்வார்.

அவர் ஆடிய இடத்துக்குப் பெயர் 'சேஃப்டி'. பெயரைக் கேட்டு, பாதுகாப்பான இடம் போலிருக்கிறது என்றேன். சிரித்தார். தடுக்கும் அணியின் ஆகக் கடைசி ஆள் அவர். முன்னால் நிற்கிற எல்லோரையும் தாண்டி வருகிறவனை அவர் விழுத்த வேண்டும். அவர் தவறவிட்டால் பின்னால் வெறும் புல்தான்.

பல்கலைக்கழகத்தில் ஆடி முடித்தபோது எந்த அணியும் அவரைத் தேர்ந்தெடுக்கவில்லை. ஓர் அணியின் கோடைகாலப் பயிற்சிக்கு, இடம் கிடைக்கும் என்ற உறுதி இல்லாமல் போனார். தினமும் யாரோ ஒருவர் பையைக் கட்டிக்கொண்டு வீட்டுக்குப் போனார்கள். இவர் மிஞ்சினார். ஏழு பருவங்கள், மூன்று அணிகள். விரல் போனது மூன்றாவது பருவத்தில். தாண்டி ஓடியவனின் சட்டை விளிம்பு இவர் விரலில் மாட்டியது. ஓடியவன் விழுந்தான், விரலுக்குள் ஏதோ அறுந்தது. அறுவைச் சிகிச்சை செய்தால் அந்தப் பருவம் முழுவதும் ஆட முடியாது என்றார் அணியின் மருத்துவர். இவருடைய இடத்துக்கு இளைய ஆட்டக்காரர் ஒருவர் காத்திருந்தார். இவர் மோதிர விரலைப் பக்கத்து விரலோடு சேர்த்து ஒட்டச் சொல்லிவிட்டு அடுத்த வாரமும் இறங்கினார்.

"பிறகு வருத்தப்படவில்லையா?"

"அப்போது எனக்கு இருபத்தைந்து வயது," என்றார். "இந்த வயதிலும் ஒரு கை வேண்டியிருக்கும் என்று யோசிக்கவேயில்லை."

அந்த ஞாயிறு மத்தியானம் கணினியில் அவரைத் தேடிப் பார்த்தேன். ஒரேயொரு காணொளிதான் கிடைத்தது. அதுவும் அவருடையது அல்ல, எதிரணியின் புகழ்பெற்ற ஓட்டக்காரர் ஒருவருடையது. அந்த ஓட்டக்காரர் எல்லோரையும் தாண்டி வருகிறார். கடைசியாக நிற்கும் எங்கள் ஆள் இடப்பக்கம் கால் வைக்கிறார், ஓட்டக்காரர் இவருடைய வலப்பக்கம் போய்விடுகிறார். எங்கள் ஆள் வெறும் காற்றைப் பிடித்துக்கொண்டு விழுகிறார்.

என் கணவர் தோளுக்கு மேலால் எட்டிப் பார்த்தார். "உவரோ உம்மடை ஆள்? பாவம், விழுகிறதுக்கு மட்டும் வாறார்."

அதைப் பார்த்ததைச் சொல்வதா விடுவதா என்று யோசித்து, அடுத்த முறை சொல்லிவிட்டேன். அவர் முகம் மாறவில்லை. தானும் அதை எண்ண முடியாத தடவை பார்த்திருப்பதாகச் சொன்னார். எழுந்து, ஆளில்லாத நடைபாதைக்கு என்னைக் கூட்டிப்போனார். தன்னைத் தாண்டிப் போகச் சொன்னார். நான் இடப்பக்கம் பார்த்துவிட்டு வலப்பக்கம் பாய்ந்தேன். அங்கே அவர் நின்றார். மூன்று தரம் முயன்றேன், மூன்று தரமும் எனக்கு முன்னமே அங்கே நின்றார். கண்ணும் தோளும் பொய் சொல்லும், இடுப்பு சொல்லாது, அதைத்தான் பார்க்க வேண்டும் என்று விளக்கினார்.

"அப்படியென்றால் அன்றைக்கு?"

இடுப்பைப் பார்த்துத்தான் இடப்பக்கம் கால் வைத்தாராம். எங்கே பிழைத்தது என்று வருடக்கணக்காகப் புரியவில்லை. ஆட்டத்தை விட்ட பிறகு அந்த ஓட்டக்காரரைத் தொலைபேசியில் அழைத்து, எப்படிச் செய்தாய் என்று நேரடியாகவே கேட்டிருக்கிறார். மறுபக்கத்திலிருந்து வந்த பதில்: "நான் உன் இடப்பக்கம்தான் வர இருந்தேன். கால் வழுக்கிவிட்டது."

எனக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. அவரும் சுவரில் சாய்ந்துகொண்டு சிரித்தார்.

பின்னலுக்கு வருவோம். மூன்று நிறக் கயிறுகளை அலுமாரிக் கைபிடியில் கட்டி அவரைப் பழக்க நினைத்தேன். ஆனால் எந்த விரல் என்ன செய்கிறது என்று எனக்கே சொல்லத் தெரியவில்லை. நாற்பது வருடமாகப் பின்னுகிற கை, யோசித்ததும் குழம்பியது. வீட்டில் கணவரிடம் தொலைபேசியைக் கொடுத்து, நான் என் தலையைப் பின்னுவதைப் பின்னாலிருந்து படம் பிடிக்கச் சொன்னேன்.

"உந்த வேலையை வீட்டுக்குக் கொண்டு வாறீர்," என்றார்.

"கையை ஆட்டாமல் பிடியுங்கோ," என்றேன்.

படத்தைப் பார்த்தபோதுதான் விளங்கியது. முடியின் ஒரு புரி கை மாறும்போது மற்றதை இறுக்கிப் பிடிப்பவை மோதிர விரலும் சின்ன விரலும்தான். அவரிடம் இல்லாத பிடி அது. ஆகவே காத்திருக்கும் புரியை நடுவிரலில் ஒரு சுற்றுச் சுற்றி வைக்கச் சொல்லிக் கொடுத்தேன். வீங்கிய மூட்டே அதை வழுக்காமல் தாங்கியது. இரண்டு மாதம் கயிற்றில் பழகினார். ஒரு நாளும் சலிக்கவில்லை. பயிற்சி என்றால் ஒரே அடியைத் திரும்பத் திரும்ப வைப்பதுதானே என்றார்.

கடைசி வருகைக்கு மகளையும் கூட்டி வந்தார். பின்னல் ஒரு பக்கம் சரிந்திருந்தது, ஆனாலும் பின்னல்தான். அப்பா முதலில் அதிகமாக இழுத்தார், இப்போது பரவாயில்லை, மத்தியானத்துக்குள் நுனி அவிழ்ந்துவிடும், தோழி கட்டிவிடுவாள் என்று அவள் விளக்கமாகச் சொன்னாள். அவர் குறுக்கிடாமல் கேட்டுக்கொண்டிருந்தார். அவரைப் பற்றி எழுதலாமா என்று அன்றைக்குக் கேட்டேன். பெயரைப் போடாவிட்டால் சரி என்றார்.

அந்த இலையுதிர்காலம் நானும் கணவரும் முதல் தடவையாக அந்த ஸ்டேடியத்துக்கு ஆட்டம் பார்க்கப் போனோம். வழமையாக நாங்கள் சலித்துக்கொள்ளும் கூட்டத்தோடு நாங்களும் நடந்தோம். பாதி ஆட்டம் முடிந்ததும் கணவர் என் பக்கம் திரும்பினார்.

"எத்தினைக்கு எத்தினை எண்டு தெரியுமோ?"

"தெரியாது," என்றேன். "நான் கடைசியிலை நிக்கிறவரையெல்லோ பாத்துக்கொண்டிருக்கிறன்."