மயிலா என்று கூப்பிட ஆளில்லை

போன வாரம் ராமாபுரத்தில் ஒரு வீட்டு வாசலில் நின்று, “மயிலா!” என்று கூப்பிட்டேன்.

பதில் இல்லை. இன்னும் கொஞ்சம் உரக்கக் கூப்பிட்டேன். ஈரக் கையைப் புடவையில் துடைத்துக்கொண்டே ஓர் இளம் பெண் வெளியே வந்தாள். என்னை ஏற இறங்கப் பார்த்தாள்.

“அந்தப் பேர்ல இங்க யாருமில்லீங்களே!”

“மயிலாத்தாள்... கொள்ளேகால்லேர்ந்து வாழ வந்தவ.”

யோசித்தாள். அப்புறம் முகம் மலர்ந்தது. “அட, எங்க பெரியக்காவுங்களா! இருங்க, பின்னால கடலைக்காய் காயப்போட்டுட்டு இருக்கறாங்க.” உள்ளே ஓடினாள்.

ஒரே வீட்டில் வாழ்கிற ஓரகத்தி. மூத்தவளின் பெயர் அவளுக்கு யோசித்தால்தான் நினைவுக்கு வருகிறது!

மயிலா வருவதற்குள் உங்களுக்கு முன்கதையைச் சொல்லிவிடுகிறேன்.

சுதந்திரம் வந்த புதிது. மேல்கோட்டையிலிருந்து மைசூருக்கு பி.ஏ. படிக்க வந்தேன். வீட்டில் எனக்கு ‘வாயில்லாப் பூச்சி’ என்று பெயர். பெண் பார்க்க வந்தவர்களிடம்கூட அதை ஒரு தகுதியாக எடுத்துச் சொன்னார்கள். வந்தவர்களுக்கு அது போதவில்லை போலிருக்கிறது. அப்பா வேறு வழி தெரியாமல் என்னைக் கல்லூரியில் சேர்த்துவிட்டார்.

விடுதியில் என் அறைத் தோழி மயிலாத்தாள். கொள்ளேகாலில் கடலைக்காய் மண்டி வைத்திருந்தவரின் ஒரே பெண். கொள்ளேகால் அப்போது சென்னை ராஜ்யத்தில் இருந்தது. அவள் ‘வாங்க, போங்க, செரீங்க’ என்பாள். நான் ‘வாங்கோ, போங்கோ, ஆத்துக்கு’ என்பேன். பக்கத்து அறைக் கன்னடப் பெண்கள் எங்கள் பேச்சைக் கேட்டுவிட்டு, “எரடூ தமிளேனா?” — இரண்டும் தமிழ்தானா — என்று சந்தேகப்பட்டார்கள்.

சோஷியாலஜி அப்போது புது சப்ஜெக்ட். வீட்டில் அதை ‘சோஷியலிஸம்’ என்று நினைத்துப் பயந்தார்கள். ஒருநாள் எங்கள் பேராசிரியர் ஒரு தியரியைச் சொன்னார். பெயர் ‘லுக்கிங் கிளாஸ் ஸெல்ஃப்’.

விஷயம் சுலபம்தான். நாம் யார் என்று நமக்கு எப்படித் தெரிகிறது? உள்ளே எட்டிப் பார்த்தா? இல்லை. எதிரே இருப்பவர் முகத்தைப் பார்த்து. அவர் கண்ணுக்கு நாம் எப்படித் தெரிகிறோம், அதைப் பற்றி அவர் என்ன நினைக்கிறார் என்று நாமே ஊகித்துக்கொள்கிறோம். அந்த ஊகத்தில் பெருமைப்படுகிறோம், அல்லது கூசிப்போகிறோம். அப்படிச் சேர்ந்து சேர்ந்து உண்டாவதுதான் ‘நான்’. நம்மைச் சுற்றியிருக்கும் மனிதர்களே நமக்குக் கண்ணாடி.

‘முரடன்’ என்று சின்ன வயதில் பெயர் வாங்கிய பையன் கடைசிவரை முரடனாகவே இருக்கிறானே, ஏன்? வீட்டில் ‘பொறுப்பானவள்’ என்று சொல்லப்பட்ட பெண் தன் பங்குப் பலகாரத்தையும் தம்பிக்கே கொடுத்துவிடுகிறாளே, ஏன்? எல்லாம் கண்ணாடி செய்கிற வேலை!

அன்று சாயங்காலம் குக்கரஹள்ளி ஏரிக்கரையில் நடந்துகொண்டிருந்தோம். மயிலா திடீரென்று நின்றாள்.

“அப்ப, உங்க ஊட்ல உன்னைய வாயில்லாப் பூச்சின்னு சொல்லிச் சொல்லியே அப்படி ஆக்கிப்போட்டாங்க, ருக்கு. எனக்கு நீ அப்படித் தெரியவே இல்லியே!”

“பின்னே எப்படித் தெரியறேன்?”

“எதுத்துக் கேக்கற ஆளாத் தெரியறே. வெளில வராம உள்ளயே கேட்டுக்கிட்டு இருக்கறே. அவ்வளவுதான்.”

சிரித்துவிட்டேன். ஆனால் அந்த வார்த்தை எனக்குள் போய் உட்கார்ந்துகொண்டது. அப்புறம் என்ன ஆயிற்று என்கிறீர்கள்? வகுப்பில் எழுந்து கேள்வி கேட்டேன். சாப்பாட்டில் உப்பில்லை என்று வார்டனிடமே போய்க் கன்னடத்தில் சொன்னேன். ஏரிக்கரையில் தினமும் மயிலாவோடு வாதம். கடவுள், கல்யாணம், சினிமா... எதையும் விடவில்லை. அவள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு, கரையில் போகிறவர்கள் திரும்பிப் பார்க்கும்படி சிரிப்பாள். நான் வேடிக்கையாகப் பேசக்கூடியவள் என்பதே அவள் சிரித்த பிறகுதான் எனக்குத் தெரிந்தது.

கடைசி வருஷம். பரீட்சைக்குச் சில மாதங்கள் இருக்கும்போது மயிலாவின் அப்பா வந்து நின்றார். ராமாபுரத்தில் சம்பந்தம் பேசியாகிவிட்டது. உடனே கல்யாணம்.

“பொட்டி படுக்கையெல்லாம் எடுத்துக்க, அம்மிணி.”

விடுதியில் எல்லோருக்காகவும் வாதாடுகிற மயிலா, தலையைக் குனிந்துகொண்டாள். “செரீங்கப்பா.”

அவ்வளவுதான். அறைக்கு வந்து புடவைகளை மடிக்க ஆரம்பித்தாள். என் முகத்தைப் பார்க்கவில்லை.

நான் கீழே இறங்கிப் போனேன். அவர் விசிட்டர்கள் அறையில் பெஞ்சு நுனியில் உட்கார்ந்திருந்தார்.

“மாமா, ஒரு வார்த்தை” என்றேன். என் குரல்தானா அது?

“சொல்லு, கண்ணு.”

“பரீட்சை முடிஞ்சப்புறம் முகூர்த்தம் வெச்சுக்கப்படாதா?”

“மாப்பிள்ளை ஊட்டுக்கு வாக்குக் குடுத்தாச்சே. எம்புள்ள வேண்டாம்னு சொல்லலியே?”

“உங்க முன்னாடி அவளுக்கு வாய் வராது, மாமா. எங்கப்பா முன்னாடி எனக்கும் வராது. நீங்க எங்கப்பா இல்லை. அதனாலதான் தைரியமாக் கேக்கறேன். நாளைக்கு எங்கப்பா வந்து இங்கே உட்கார்ந்தா, எனக்காக அவதான் வந்து பேசுவா.”

அவர் என்னையே பார்த்தார். கோபமா, சிரிப்பா — தெரியவில்லை. மாடிப்படி ஓரம் மயிலா வந்து நின்றிருந்தாள்.

“ஏம்புள்ள, எழுதோணுமா?”

அவள் தலையசைத்தாள். கண்ணில் நீர்.

துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு எழுந்தார். “பொட்டிய உள்ளாறயே வையி. மாப்பிள்ளை ஊட்ல நான் பேசிக்கறேன்.”

மயிலா பரீட்சை எழுதினாள், பாஸ் செய்தாள். ராமாபுரத்துக்கு வாழப் போனாள். ‘அவ்வளவு தூரம் தனியாவா?’ என்று அப்பா என்னைக் கல்யாணத்துக்கு அனுப்பவில்லை. நான் வாய் திறக்கவில்லை. மயிலா பக்கத்தில் இல்லையே! கொஞ்ச காலம் கடிதம் போட்டுக்கொண்டோம். அதுவும் மெல்ல நின்றுபோயிற்று.

நான் அதே சப்ஜெக்டுக்கு லெக்சரர் ஆனேன். வருஷா வருஷம் அந்தத் தியரியை நடத்துகிறேன். நன்றாகவே நடத்துவேன். நடத்திவிட்டு ஸ்டாஃப் ரூமுக்கு வந்து கொஞ்ச நேரம் சும்மா உட்கார்ந்திருப்பேன்.

புக்ககத்தில் நான் ‘பரம சாது’. கல்லூரியில் ‘மேடம்’. பத்திரிகையில் என்னைப் படிக்கிற உங்களுக்கு ‘அம்மையார்’. எல்லாம் மரியாதையான பெயர்கள்தான். ஆனால் ஏரிக்கரையில் வாய் ஓயாமல் பேசிக்கொண்டு நடந்தாளே ஒருத்தி... அவளை இப்போது யாருக்குத் தெரியும்?

ஏக்கம் என்றால் பிரிந்துபோனவர்களுக்காக ஏங்குவது என்றுதான் நினைத்திருந்தேன். அது பாதிதான். அவர்கள் போகும்போது கையோடு கூட்டிக்கொண்டு போய்விடுகிறார்களே, நமக்குள் இருந்த ஒருத்தியை... மீதி அவளுக்காக.

போன வாரம் மாணவிகளைக் கிராம சர்வேக்காகக் கொள்ளேகாலுக்கு அழைத்துப் போயிருந்தேன். அது இப்போது மைசூர் ராஜ்யத்தோடு சேர்ந்துவிட்டது. ஞாயிற்றுக்கிழமை வேலை இல்லை. பஸ் ஸ்டாண்டில் ‘ராமாபுரம், ராமாபுரம்!’ என்று கண்டக்டர் கூவியது காதில் விழுந்தது. ஏறிவிட்டேன்.

இதோ, மயிலா வந்துவிட்டாள். பருத்திருந்தாள். இடுப்பில் சாவிக் கொத்து. அவள் பின்னால் ஓரகத்தி, குழந்தைகள், ஒரு வேலைக்காரி. எல்லோரும் ஓர் அடி தள்ளியே நின்றார்கள்.

“வாங்க, உக்காருங்க. ஊட்ல எல்லாரும் சௌக்கியமுங்களா?”

காபி வந்தது. மழையைப் பற்றிப் பேசினோம். கடலைக்காய் விலையைப் பற்றிப் பேசினோம். டம்ளரைக் கீழே வைத்தேன். இதற்கா வந்தேன்?

“ஏண்டி மயிலா, என்னையே ‘ங்க’ போட்டுப் பேசறியா? எழுந்து வந்து ஒண்ணு வெச்சேன்னா தெரியும்!”

ஓரகத்தி வாயைப் பொத்திக்கொண்டாள்.

அப்புறம் சிரித்தாள் பாருங்கள்! வயிற்றைப் பிடித்துக்கொண்டு, சாவிக் கொத்து குலுங்க, கண்ணில் நீர் வர... குழந்தைகள் மிரண்டு போய்ப் பார்த்தன. ஓரகத்தி என் காதருகில் வந்து சொன்னாள்: “பெரியக்கா இப்படிச் சிரிச்சு நான் பாத்ததே இல்லீங்க.”

திரும்பும்போது பஸ் நிற்கிற இடம்வரை கூடவே நடந்து வந்தாள். என் கையை விடவில்லை.

“இங்க எல்லாருக்கும் என்னையக் கண்டா பயம், ருக்கு. பயப்படறவங்க முன்னால எப்படிச் சிரிக்கறது? நல்லவங்கதான், கொறை ஒண்ணுமில்ல. ஆனா இன்னிக்கு நீ கூப்புட்டியல்ல... எனக்கு நானே ஞாபகம் வந்துட்டேன்.”

இத்தனை காலமாக அவள்தான் என் கண்ணாடி என்று நினைத்துக்கொண்டிருந்தேன். அவளுக்கும் ஒரு கண்ணாடி தொலைந்திருக்கும் என்று எனக்குத் தோன்றவே இல்லை. தியரியை வருஷா வருஷம் நடத்துகிறவளுக்கு!

“மைசூருக்கு வாயேண்டி.”

“வாரேன்” என்றாள். மாமியாருக்கு நடை இல்லை. புக்ககத்திலும் கடலைக்காய் மண்டி; அதன் கணக்கு அவள் கையில். வரமாட்டாள் என்று இருவருக்கும் தெரியும். இருந்தாலும், “கண்டிப்பா வாரேன்” என்று இன்னொரு தரம் சொன்னாள்.

பஸ் கிளம்பியது. புழுதி அடங்குகிறவரைக்கும் அங்கேயே நின்றிருந்தாள்.

பக்கத்து சீட்டில் பூக்கூடையோடு ஓர் அம்மாள். என் முகத்தைப் பார்த்துவிட்டு மெதுவாகக் கேட்டாள்: “ராமாபுரத்துல உங்களுக்கு யாருங்க இருக்கறாங்க?”

“சிநேகிதி ஒருத்தி” என்றேன்.

முழுப் பதில் அது இல்லை. நானும் அங்கேதான் இருக்கிறேன்.