என் நாடியை எண்ணியவள்

பெஞ்சில் ஏறி இறங்கச் சொல்லி, நாடியை எண்ணி, அந்த எண்ணை ஒரு சூத்திரத்தில் போட்டால், ஒருத்தியின் உடம்பு உச்சபட்சம் எவ்வளவு ஆக்சிஜனை எடுத்துக்கொள்ளும் என்று சொல்லிவிடலாமாம். நேராக அளக்க முகமூடியும் இயந்திரமும் வேண்டும். மூங்கில்துறைப்பட்டுப் பக்கம் அதற்கு எங்கே போவது? எங்கள் பள்ளிக்கூடத்து விளையாட்டு சாரிடம் இருந்தது சூத்திரம் மட்டும்தான். எங்களுக்கு விளங்குகிற மாதிரி சொன்னார்: "ஏறி எறங்குன ஒடனே நாடி கம்மியா துடிச்சா உள்ள தெம்பு ஜாஸ்தி. ஜாஸ்தியா துடிச்சா தெம்பு கம்மி. அவ்ளோதான்."

சென்னை விளையாட்டு விடுதியில் எங்கள் பள்ளிக்கு ஒரே ஓர் இடம். போட்டி எனக்கும் என் தோழிக்கும். கரியாலூர் மலைமேட்டில் ஓடிப் பழகும்போதெல்லாம் நான்தான் முன்னால். அவள் இடுப்பைப் பிடித்துக்கொண்டு பின்னால் வருவாள். பெட்டி கட்டாத குறைதான் எனக்கு.

இடஒதுக்கீடு கேட்டு ஊர் ஊராக மரத்தை வெட்டிச் சாலையில் போட்டிருந்த சமயம் அது. அப்பாவும் கரும்புத் தோட்டத்தை விட்டுவிட்டு மறியலில் நின்றார். "நம்ம புள்ளைங்களுக்கு சீட்டு வேணும்" என்று கத்திக் கத்தி அவருக்குத் தொண்டையே கட்டிப்போயிருந்தது. நாடி பார்க்கக் கள்ளக்குறிச்சியிலிருந்து வரவேண்டிய நர்ஸம்மாவால் வர முடியவில்லை. "ஒருத்தி நாடிய ஒருத்தி எண்ணிக்குங்க" என்று சார் முந்தின நாளே சொல்லிவிட்டார். வீட்டுக்கு ஓடிவந்து எல்லாவற்றையும் ஒப்பித்தேன். அப்பா அக்கறையாகக் கேட்டார்: "நாடி ஜாஸ்தியா துடிச்சா சீட்டு இல்லியா?" பள்ளிக்கூடத்து விஷயத்தில் அவர் என்னிடம் கேட்ட முதல் கேள்வி அதுதான். எனக்குச் சந்தோஷத்தில் தலைகால் புரியவில்லை.

மறுநாள் சார் குச்சியால் தட்டத் தட்ட ஏறி இறங்கினேன். நின்றதும் தோழி என் மணிக்கட்டைப் பிடித்தாள். உதடு அசைந்தது. அவள் சொன்ன எண்ணைக் கேட்டு சாரே நிமிர்ந்து பார்த்தார். பெருக்கினார், கழித்தார், உதட்டைப் பிதுக்கினார்.

"மலையில நான்தான சார் முன்னால வரேன்!"

"ஓட்டம் வேற, இது வேற. சூத்திரம் ஆளுக்கு ஒரு மாதிரி பேசாதும்மா."

அவள் நாடியை நான் உள்ளது உள்ளபடி எண்ணிச் சொன்னேன். அவள் சென்னைக்குப் போனாள். நான் களமருதூருக்கு வாக்கப்பட்டுப் போனேன். நடவில் குனிந்து நிமிரும்போது கொஞ்சம் மூச்சு வாங்கினாலும், உனக்கு உள்ளே தெம்பு கிடையாது, அன்றைக்கே கணக்கில் தெரிந்துபோச்சே என்று என்னை நானே திட்டிக்கொள்வேன். இப்படியே என் உடம்பை நம்பாமல் பாதி ஆயுசைக் கழித்தேன்.

என் மகள் கல்யாணத்துக்கு வந்த தோழி, மண்டபத்து மாடியில் என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதாள்.

"நான் எண்ணவே இல்லடி. வாய்க்கு வந்தத சொன்னேன். உங்க அப்பாதான் காலையில என்னை வழியில நிறுத்தி, 'ஜாஸ்தியா சொல்லிடும்மா, உனக்கும் நல்லது'ன்னாரு."

அடிப்பாவி! கையை உதறினேன். திட்டுவதற்கு வாய் நிறைய வார்த்தை இருந்தது. ஆனால் கால் நேராக அப்பாவிடம் போனது. பந்தியில் யாருக்கு என்ன வேண்டும் என்று பார்த்துக்கொண்டிருந்தார். தனியே இழுத்துப்போய்க் கேட்டேன். அவர் மறுக்கவில்லை.

"அனுப்ப மாட்டேன்னு நேரா சொல்லியிருக்கலாமேப்பா?"

"எப்புடிம்மா சொல்றது? ரோட்டுல நின்னு சீட்டு சீட்டுன்னு கத்திக்கினு இருந்தவன். வூடு தேடி வந்த சீட்ட வேணாம்னா ஊரு காறித் துப்பாதா? பொட்டப்புள்ளைய தனியா மெட்ராசுக்கு அனுப்பவும் மனசு வரல."

"நம்ம தம்பிக்கு அந்த சீட்டு வந்திருந்தா?"

"நானே கூட்டிக்கினு போய் வுட்டுட்டு வந்திருப்பேன்" என்றார். யோசிக்கக்கூட இல்லை.